நாடகக்காரி எழுதும் நாவல் நாடகமாகத்தான் இருக்குமா?

ஒலிவாங்கி

எனக்கு 68 வயது. வெள்ளவத்தையில் கடல் பக்கம் போகும் ஒழுங்கை ஒன்றில் இருக்கிறேன். எழுபதுகளின் கடைசியில் இலங்கை வானொலி நாடகங்களில் குரல் கொடுத்தவள். லயனல் வென்ட் மேடையில் ஐந்து நாடகங்கள் நடித்தேன். திரைப்படம் ஒன்றே ஒன்று. அதிலும் கிணற்றடியில் வாளியோடு நிற்பேன், அவ்வளவுதான். ஆனாலும் திரையில் வந்தவள் என்று சொல்லிக்கொள்ள அந்த வாளி போதும்.

ஓய்வு பெற்ற பிறகு ஒரு நாவல் எழுதினேன். மூன்று சீ.ஆர். கொப்பிகள். மருமகள் தட்டச்சு செய்தபோது 212 பக்கம் வந்தது. ஒரு மாடிக் குடியிருப்பு, அதில் மூன்று பெண்கள், ஒரு மழைக்காலம். பெரிய சம்பவம் எதுவும் இல்லை. பதிப்பாளர் ஒருவரிடம் கொடுத்தேன். இரண்டு மாதம் கழித்துக் கூப்பிட்டு, தேநீர் தந்து, மரியாதையாக இரண்டு விடயங்கள் சொன்னார். முதலாவது: “இது நாவல் இல்லை அம்மா, வானொலி நாடகம். எல்லோரும் கதைத்துக்கொண்டே இருக்கிறார்கள்.” இரண்டாவது: “நாவலை விடுங்கள். அந்தக் காலத்து நாடக அனுபவங்களை எழுதித் தாருங்கள். அது விற்கும்.”

முதலாவது அரை நாள்தான் வலித்தது. ஏனென்றால் அது உண்மை. வானொலி நாடகத்தில் மௌனம் குற்றம். ஐந்து வினாடி சத்தம் இல்லாவிட்டால் கேட்கிறவர் பெட்டி பழுது என்று அதன் தலையில் தட்டுவார். அதனால் எல்லாவற்றையும் வாயால் சொல்லவேண்டும். “ஐயோ, மழை வருகிறது, யன்னலைச் சாத்து பிள்ளை” என்று சொன்னால்தான் அங்கே மழையும் உண்டு, யன்னலும் உண்டு, பிள்ளையும் உண்டு. ஒலிவாங்கியிலிருந்து இரண்டடி பின்னால் போய்ச் சொன்னால் அடுத்த அறையில் நிற்கிறோம் என்று அர்த்தம். தாளைப் புரட்டும் சத்தம் கேட்கக்கூடாது என்பதற்காகப் பிரதியின் ஊசியைக் கழற்றி ஒவ்வொரு தாளாகக் கீழே நழுவவிடுவோம். இப்படியே ஒன்பது வருடம். இப்போது என் நாவலின் முதல் பக்கத்தை எடுத்துப் பார்க்கிறேன். முதல் வரி என்ன தெரியுமா? “அக்கா, மழை வரப்போகிறது.” வேறு எதைச் சொல்ல!

இரண்டாவது விடயம்தான் இன்னும் உள்ளே கிடந்து உறுத்துகிறது. என் வாழ்க்கை வேண்டுமாம், என் கற்பனை வேண்டாமாம்.

என் கேள்வி இதுதான். திரையிலும் மேடையிலும் நடித்துவிட்டு, பிறகு நாவலாசிரியையாக ஆன பெண்கள் யாராவது இருக்கிறார்களா? ஒன்று எழுதி ஓய்ந்தவர்களைக் கேட்கவில்லை. தொடர்ந்து எழுதியவர்கள். அவர்கள் இந்தப் பழக்கத்தை எப்படிக் கழற்றினார்கள்? இதே பேச்சை அவர்களும் கேட்டார்களா?

கொச்சிக்கடை

கோபிக்காதீர்கள், நான் பதிப்பாளர் பக்கம். நாவல் எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். எழுபதுகளின் கொழும்புத் தமிழ் மேடையை உள்ளே நின்று பார்த்த பெண்கள் எத்தனை பேர் இன்னும் கொழும்பில் இருக்கிறார்கள்? பிரதிகள், படங்கள், அழைப்பிதழ்கள், எல்லாம் 83 ஜூலையில் எரிந்தவை பாதி, பெட்டியோடு விமானம் ஏறியவை பாதி. ஒத்திகை எங்கே நடந்தது, இரவு கடைசி பஸ்ஸைப் பிடிக்க யார் கூட வந்தார்கள், வீட்டில் என்ன பொய் சொல்லிவிட்டு வந்தீர்கள், இவை உங்கள் தலையைத் தவிர வேறெங்கும் இல்லை. மாடிக் குடியிருப்பில் மூன்று பெண்கள் எங்கேயும் ஓடிவிடமாட்டார்கள். ஸ்டார் வோர்ஸ் இளவரசியாக நடித்த கெரி ஃபிஷர்கூடத் தன் கதையைத்தான் எழுதினார், உலகம் வாசித்தது.

பழைய புத்தகம்

கொச்சிக்கடை அண்ணர் சொன்னதில் ஒரு திருத்தம். கெரி ஃபிஷர் முதலில் எழுதியது நாவல். 1987இல் வந்தது. 1990இல் படமானபோது திரைக்கதையையும் அவரே எழுதினார். தன் கதையைத் தன் பெயரிலேயே சொல்லும் புத்தகம் 2008இல்தான் வந்தது. அதுவும் மேடையில் தனியாக நின்று நிகழ்த்திய பிறகு. முதல் நாவல் அவருடைய வாழ்க்கைக்கு மிகக் கிட்ட நிற்பது உண்மை. இருந்தாலும் பெயரை மாற்றி வைத்தால்தான் சில விடயங்களை எழுத வரும். எழுதிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

அக்கா, உங்களுக்கு நான் சொல்ல விரும்புவது வேறொருவரை. மேரி அஸ்டர். ‘மோல்டீஸ் ஃபோல்கன்’ படத்தில் பொய்க்கு மேல் பொய் சொல்லிக்கொண்டு வருவாரே, அவர்தான். எண்பதுகளில் கொழும்பில் ஒரு திரைப்படக் கழகக் காட்சியில் அந்தப் படத்தைப் பார்த்தேன். நடுவில் ஒரு தடவை மின்சாரம் போனது. இருட்டில் இருபது நிமிடம் இருந்து மிச்சத்தையும் பார்த்தோம். அவர் நாவல் எழுதியவர் என்று அப்போது எனக்குத் தெரியாது. பல வருடம் கழித்து டி. ஆர். விஜேவர்தன மாவத்தைப் பழைய புத்தகக் கடையில், முதுகு கிழிந்த ஒரு புத்தகத்தில் அதே பெயரைப் பார்த்து, வேறு மேரி அஸ்டராக்கும் என்று வைத்துவிட்டு வந்தேன். அடுத்த கிழமை போனபோது இல்லை. இன்றைக்கும் அந்த ஆத்திரம் இருக்கிறது.

பிறந்தது 1906இல், அமெரிக்காவின் இலினோய் மாநிலத்தில், குவின்சி என்ற ஊரில். அப்பா ஜேர்மனியிலிருந்து வந்த ஆசிரியர். மகளின் முகத்தை வைத்துப் பிழைக்கலாம் என்று கண்டுபிடித்த மனிதர். பதினான்கு, பதினைந்து வயதிலேயே பேசாப் படங்களில் நடிக்க வைத்தார். சம்பளம் முழுவதும் பெற்றோர் கையில். மகள் வாரம் 2,500 டொலர் உழைத்த காலத்தில் அவளுக்குக் கைச்செலவுக்குக் கிடைத்தது வாரம் 5 டொலர். தன் உழைப்புத் தன் கைக்கு வந்தது 26 வயதில். அதன்பிறகு, எங்களைப் பராமரிக்கவில்லை என்று பெற்றோரே நீதிமன்றத்துக்குப் போனார்கள். நம் ஊர் நாடகமாக இருந்தால் மிகை என்று விமர்சகர் எழுதுவார்.

நீங்கள் முகம் இல்லாமல் குரலால் மட்டும் நடித்தவர். அவர் அப்படியே எதிர்ப்பக்கம். குரல் இல்லாமல் முகத்தால் மட்டும் நடித்தார். 1926இல் அவர் நடித்த ‘டொன் ஜுவான்’ படத்தில் இசை உண்டு, வாள் மோதும் சத்தம் உண்டு, பேச்சு மட்டும் இல்லை. பிறகு பேசும் படம் வந்தது. ஸ்டூடியோவில் குரலைச் சோதித்துப் பார்த்து, ஆண்குரல் போல அடித்தொண்டையில் இருக்கிறது என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். மாதக்கணக்கில் வேலை இல்லை. அவரைத் திரும்ப எடுத்துவிட்டது மேடைதான். நடிகையான தோழி ஒருவர் லொஸ் ஏஞ்சல்ஸில் தான் நடித்த நாடகத்தில் இவருக்கும் ஒரு வேடம் வாங்கிக் கொடுத்தார். நாடகம் ஓடியது. அதே அடித்தொண்டைக் குரலை எல்லோரும் புகழ்ந்தார்கள், ஸ்டூடியோக்கள் திரும்பிக் கூப்பிட்டன. அந்த நாடகம் நடந்துகொண்டிருந்த நாட்களில், 1930 ஜனவரி 2ஆம் திகதி, இயக்குநரான அவருடைய கணவர் கடலுக்கு மேல் படப்பிடிப்பில் இருந்தபோது இரண்டு விமானங்கள் மோதி இறந்துபோனார். செய்தியைக் கொண்டுவந்தவர் அதே தோழி.

எழுத்து அவருக்கு எப்போதும் சுகமான சங்கதியாக இருந்ததில்லை என்பதையும் சொல்லவேண்டும். நாட்குறிப்பு எழுதும் பழக்கம் உள்ளவர். 1936இல் மகளின் பொறுப்பு யாருக்கு என்று வழக்கு நடந்தபோது, விவாகரத்தான இரண்டாவது கணவர் அந்த நாட்குறிப்பைக் கைப்பற்றி வைத்திருந்தார். பத்திரிகைகளுக்குக் கொண்டாட்டம். அவர் எழுதாத வரிகளைக்கூட எழுதியதாகப் போட்டன. பகலில் ‘டொட்ஸ்வேர்த்’ படத்தில் நடித்துவிட்டு இரவில் நீதிமன்றத்தில் உட்கார்ந்திருந்தார். நாட்குறிப்பு முத்திரையிடப்பட்டுக் கிடந்து, 1952இல் நீதிமன்ற உத்தரவின்படி எரிக்கப்பட்டது. எழுதியதற்காக இவ்வளவு பட்ட ஒரு பெண் பிறகு பேனையைத் தொடுவார் என்று யாரும் பந்தயம் கட்டியிருக்கமாட்டார்கள்.

சினிமாவில் மிச்சத்தை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1941ஆம் ஆண்டுப் படம் ஒன்றில் பியானோக் கலைஞராக நடித்துத் துணை நடிகைக்கான ஒஸ்கார் வாங்கினார். பிறகு எம்.ஜி.எம். நிறுவனத்தில் அம்மா வேடம், திரும்பவும் அம்மா வேடம். மது. 1951இல் அளவுக்கு மிஞ்சிய தூக்க மாத்திரை. உளவியல் படித்த ஒரு கத்தோலிக்கப் பாதிரியாரிடம் சிகிச்சைக்குப் போனார். அவர்தான் எழுதச் சொன்னார். புத்தகம் போடுவதற்காக அல்ல, மருந்தாக. அந்தத் தாள்கள்தான் 1959இல் தன்வரலாறாக வந்து நன்றாக விற்றன.

அதாவது உங்கள் பதிப்பாளர் சொன்ன வழியில்தான் அவரும் தொடங்கினார். ஆனால் அங்கே நிற்கவில்லை. 1960இல் முதல் நாவல். 1968க்குள் ஐந்து. முதல் நாவலின் நாயகன் நடிகன் இல்லை, ஹொலிவூட் இல்லை. பணக்கார வீட்டுப் பிள்ளை ஒருவன், பார்த்தால் பழகத் தோன்றும், உள்ளே மனச்சாட்சி என்ற சாமானே கிடையாது. எல்லோரும் அவருடைய அந்தரங்கத்தைத் தோண்டிக்கொண்டிருந்தபோது, அவர் இன்னொருவனுடைய தலைக்குள் போய் உட்கார்ந்தார். நடிப்பிலும் அதைத்தானே செய்தார்.

முழுவதையும் சொல்வதானால் இதையும் சொல்லவேண்டும். அந்த நாவல்களை இன்றைக்கு எவரும் பேசுவதில்லை. பேசப்படுவது தன்வரலாறும், 1971இல் படத் தொழிலைப் பற்றி எழுதிய புத்தகமும்தான். கொச்சிக்கடை அண்ணருக்கு இது சந்தோஷமாக இருக்கும்.

கொச்சிக்கடை

சந்தோஷம் இல்லை, ஆனால் குறித்துக்கொண்டேன். இளவரசி விடயத்தில் தோல்வியை ஒப்புக்கொள்கிறேன்.

ஒலிவாங்கி

“மருந்தாக” என்ற இடத்தில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன், தம்பி. அம்மா வேடம் என்ற இடத்திலும். எனக்கு முதல் அம்மா வேடம் வந்தபோது 22 வயது. மகனாக நடித்தவருக்கு 31. மேடைக்கு வரப் பெண்கள் கிடையாது, வந்தவளுக்கு எல்லா வயதும் உண்டு. தலையில் மாவைத் தடவி நரையாக்கினார்கள். இரண்டாம் காட்சியில் வியர்வையோடு அது களியாகி நெற்றியில் வழிந்தது. முன்வரிசையில் இருந்த ஒரு பெண்மணி தன் கைக்குட்டையை எடுத்துத் தன் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். அதை நான் ஒருவருக்கும் சொன்னதில்லை.

ஒப்புநோக்குபவள்

அக்கா, நான் பத்திரிகையில் ஒப்புநோக்குநராக இருந்தவள். இப்போது வீட்டிலிருந்து புத்தகங்களுக்குச் செம்மை பார்க்கிறேன். மற்றவர்களின் நாவலைத் திருத்திச் சாப்பிடுகிறவள் என்று வையுங்கள்.

முதலில் உங்களுக்கு ஆதரவாக ஒருவரைச் சொல்கிறேன். ஃபெனி ஃபிளாக். 1944இல் அலபாமா மாநிலத்தின் பேர்மிங்ஹாமில் பிறந்தவர். உண்மைப் பெயர் பற்றீசியா நீல். அந்தப் பெயரில் ஏற்கனவே புகழ்பெற்ற நடிகை ஒருவர் இருந்ததால் பெயரை மாற்றவேண்டி வந்தது. தொலைக்காட்சியில் நகைச்சுவை, கேள்வி விளையாட்டு, பிராட்வே மேடை, ‘கிறீஸ்’ படத்தில் பாடசாலைத் தாதியாக ஒரு சின்ன வேடம். இவருக்கு எழுத்துக் கூட்டுவதில் குறைபாடு, டிஸ்லெக்சியா. ஒரு சொல்லைப் பிழை இல்லாமல் எழுத வராது. சிறுவயதிலிருந்தே எழுத ஆசை, எழுத வெட்கம்.

1978இல் சாந்தா பார்பராவில் எழுத்தாளர் மாநாடு. சிறுகதைப் போட்டி. இவர் என்ன செய்தார்? 11 வயதுச் சிறுமி சொல்வதாகக் கதையை எழுதினார். பிழைகளெல்லாம் அந்தப் பிள்ளையின் பிழைகள் ஆகிவிட்டன! முதல் பரிசு. அந்தக் கதை வளர்ந்து 1981இல் முதல் நாவலாக வந்தது. 1987இல் வந்த நாவலில் ரயில் பாதையோரச் சாப்பாட்டுக்கடை ஒன்று வருகிறது. அவருடைய பாட்டியின் சகோதரி நடத்திய கடைதான் அதற்கு மூலம். 1991இல் படமானது. திரைக்கதைக்கு ஒஸ்கார் பரிந்துரையும் கிடைத்தது. இவருடைய நாவல்கள் மறக்கப்படவில்லை, இன்றைக்கும் விற்கின்றன. கெரி ஃபிஷரின் முதல் நாவலும் அதே 1987. மேரி அஸ்டர் 81 வயதில் இறந்ததும் அதே வருடம். வெறும் தற்செயல்தான், ஆனால் இப்படியானவை என் கண்ணில் படாமல் போகாது, தொழில் அப்படி.

இனி ஆதரவில்லாத பகுதி. பதிப்பாளர் சொன்னதைப் பிழையாக விளங்கிக்கொண்டீர்கள் என்று நினைக்கிறேன். கதைப்பது அதிகம் என்பது உங்கள் நோய் இல்லை. கதைப்பவர்கள் எல்லோரும் தகவல் சொல்கிறார்கள், அதுதான் நோய். மழை வருகிறது என்று ஒருத்தி சொன்னால் வாசகருக்கு மழை தெரிகிறது, அவளைத் தெரியவில்லை. ஃபெனி ஃபிளாக்கின் பாத்திரங்கள் உங்கள் ஆட்களைவிட அதிகம் கதைப்பார்கள். அந்தச் சிறுமி ஓயவேமாட்டாள். ஆனால் அவள் சொல்வதற்கும் நாங்கள் விளங்கிக்கொள்வதற்கும் நடுவில் ஓர் இடைவெளி இருக்கும். சிரிப்பும் கண்ணீரும் அங்கேதான்.

உங்களிடம் அந்த இடைவெளி இருக்கிறது. கைக்குட்டைப் பெண்மணியைப் பற்றி இப்போது எழுதினீர்களே, அதில் யாராவது ஏதாவது கதைத்தார்களா? அவர் தன் நெற்றியைத் துடைத்தார், உங்கள் நெற்றி எங்களுக்குத் தெரிந்தது. இதை எழுதிய கைதான் “அக்கா, மழை வரப்போகிறது” என்பதையும் எழுதியது என்றால் எனக்குக் கொஞ்சம் கோபம்கூட வருகிறது.

ஒன்று செய்து பாருங்கள். முதல் அத்தியாயத்தில் உரையாடல்களை மட்டும் சிவப்புப் பேனையால் கோடிடுங்கள். ஒவ்வொன்றிலும், இதை வானொலி நேயருக்காகச் சொல்கிறாளா, எதிரே நிற்பவளுக்காகச் சொல்கிறாளா என்று கேளுங்கள். நேயருக்காக என்றால் வெட்டுங்கள், இரக்கம் வேண்டாம். ஆனால் எல்லாவற்றையும் வெட்டி, “அவள் யன்னலருகே சென்று ஆழ்ந்த சிந்தனையில் மூழ்கினாள்” என்று எழுதித் தொலைக்காதீர்கள். அது என் மேசைக்கு வரும் முதல் நாவல்கள் எல்லாவற்றிலும் இருக்கிறது. எத்தனை பேர் மூழ்கியிருப்பார்கள் என்று கணக்கே இல்லை.

மழைக்கால வாசகன்

நடுவில் புகுகிறேன். வானொலி நாடகத்தில் காலடிச் சத்தத்தை எப்படிச் செய்தீர்கள் என்று யாராவது கேட்பீர்கள் என்று காத்திருந்தேன், கேட்கவில்லை. நானே கேட்கிறேன். சின்ன வயதில் அம்மம்மா வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் கேட்ட அந்தக் காலடிகள் இன்னும் காதில் இருக்கின்றன.

ஒலிவாங்கி

தட்டில் பருக்கைக் கல்லைப் பரப்பி, இரண்டு சப்பாத்துகளைக் கையில் போட்டுக்கொண்டு ஒருவர் நடப்பார், தம்பி. சேலை கட்டிய பெண் நடந்தால் சப்பாத்து இல்லை, உள்ளங்கை. என் காலடி பல நாடகங்களில் ஓர் ஆண்பிள்ளையின் உள்ளங்கைதான்.

ஒப்புநோக்குபவளுக்கு: சிவப்புப் பேனையோடு இரண்டு நாள் இருந்தேன். முதல் அத்தியாயத்தில் 94 உரையாடல்கள். நேயருக்காகச் சொன்னவை 61. எண்ணி முடித்துவிட்டுத் தேநீர் ஊற்றிக் குடித்தேன், சீனி போட மறந்துபோனேன். “ஆழ்ந்த சிந்தனையில் மூழ்கினாள்” ஒரு தடவை இருந்தது. 37ஆம் பக்கம். ஒப்புக்கொள்கிறேன்.

முதல் வரியை எடுத்துவிட்டேன். இப்போது நாவல் இப்படித் தொடங்குகிறது: மூத்தவள் மொட்டைமாடிக்கு ஏறிப் போய்க் கொடியில் இருக்கும் உடுப்புகளை எடுக்கிறாள். தன்னுடையதையும் நடுவிலாளுடையதையும் எடுக்கிறாள். கடைசித் தங்கையின் சட்டையைக் கொடியிலேயே விட்டுவிட்டு இறங்கி வருகிறாள். மழை என்ற சொல்லே அந்தப் பக்கத்தில் இல்லை. எழுதி முடித்த பிறகுதான், இவர்கள் இரண்டு பேருக்கும் என்ன பிரச்சினை என்று நானே யோசிக்கத் தொடங்கினேன். 212 பக்கம் எழுதியபோது எனக்கு அது தெரியாது.

கொச்சிக்கடைக்கு: ஒத்திகைக்குப் போக வீட்டில் சொன்ன பொய், தட்டச்சு வகுப்பு. இரண்டு வருடம் தட்டச்சு படித்தேன், இன்றைக்கும் மருமகள்தான் அடித்துத் தரவேண்டியிருக்கிறது. நினைவுகளை எழுதமாட்டேன் என்று நான் சொல்லவில்லை. நாவல் முடியட்டும்.

பழைய புத்தகத்துக்கு: சனிக்கிழமை வெள்ளவத்தையிலிருந்து ரயிலில் மருதானைக்குப் போகிறேன், கண் வைத்தியரிடம். திரும்பும்போது அந்தப் புத்தகக் கடைகளுக்கு நடந்து போவேன். நீங்கள் வைத்துவிட்டு வந்த புத்தகத்தின் அட்டை என்ன நிறம்?

பழைய புத்தகம்

மஞ்சள் என்று நினைவு, அக்கா. ஆனால் அந்தக் கடையில் எல்லாமே கொஞ்ச நாளில் மஞ்சள்தான்.